தூங்கவிடாதவர்கள்

"அங்க இங்கிலாந்துல எவனோ வேர்த்துச் செத்தா உனக்கென்னம்மா?" என்று என்னிடம் கேட்காதவர்கள் குறைவு. சிலர் சிரித்துக்கொண்டே கேட்டார்கள். சிலர் உண்மையான அக்கறையோடு கேட்டார்கள். பிஎச்.டி. நேர்காணலில் ஒருவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டுக் கேட்டார். எல்லாருக்கும் சந்தேகம் ஒன்றுதான். கொல்லிமலையில் மிளகு பறிக்கிற வீட்டில் பிறந்த பெண்ணுக்கு, ஐநூறு வருஷத்துக்கு முந்தைய ஐரோப்பாவின் ஒரு காய்ச்சலோடு என்ன வேலை?

எனக்கு வேலை இருந்தது, இன்னமும் இருக்கிறது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன். கொஞ்சம் கோபத்தோடுதான் எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

மறுமலர்ச்சிக் காலம் என்று எல்லாரும் பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். ஓவியம், சிற்பம், அச்சு இயந்திரம், கடல் பயணம் என்று பரீட்சைக்கு மனப்பாடம் செய்திருப்போம். அதே காலத்தில்தான் இங்கிலாந்தில் ஒரு நோய் வந்தது. ஆள் நன்றாக நடமாடிக்கொண்டிருப்பான். திடீரென்று காரணமே இல்லாமல் ஒரு பயம் பிடிக்கும். குளிர் நடுக்கும், கழுத்தும் தோளும் வலிக்கும். அதன் பிறகு வேர்க்கும். துணி, படுக்கை எல்லாம் நனைந்துபோகிற வேர்வை. கடைசியில் அடக்க முடியாத தூக்கம் வரும். அந்தத் தூக்கத்தில் விழுந்தவன் எழுந்திருக்க மாட்டான் என்று நம்பினார்கள். மதியம் நன்றாகச் சாப்பிட்டவன் ராத்திரிச் சாப்பாட்டுக்கு இருக்க மாட்டான். ஒரு நாளைத் தாண்டிவிட்டால் பெரும்பாலும் பிழைத்துக்கொண்டான். ஏழைகளைவிட வசதியான, திடமான ஆண்களைத்தான் அது அதிகமாகப் பிடித்தது என்று எழுதிவைத்திருக்கிறார்கள். ராஜாவே பயந்துபோய் மாளிகை மாற்றி மாளிகை ஓடிக்கொண்டிருந்தான். ஐந்து தடவை வந்து போனது. அதற்குப் பிறகு வரவேயில்லை. எலியால் வந்தது என்கிறார்கள், உண்ணியால் வந்தது என்கிறார்கள், எது என்று இன்றுவரை யாராலும் அடித்துச் சொல்ல முடியவில்லை.

மற்ற தேசத்துக்காரர்கள் அதற்கு 'இங்கிலீஷ் வேர்வை' என்று பெயர் வைத்தார்கள். இதைப் படித்தபோது எனக்குச் சந்தோஷமாக இருந்தது. மறைப்பானேன்? மலைக்குக் கீழே இருக்கிறவர்கள் இன்றைக்கும் "மலைத்தண்ணி ஒத்துக்காதுங்க, காய்ச்சல் வந்துரும்" என்று சொல்லிக்கொண்டு பாட்டில் தண்ணீரோடுதான் மேலே வருகிறார்கள். எங்கள் வீட்டில் சொம்பில் தண்ணீர் கொடுத்தால் உதட்டில் படாமல் ஒரு மடக்கு ஊற்றிக்கொண்டு கீழே வைத்துவிடுவார்கள். ஒரு காய்ச்சலை ஒரு ஊரின் தலையில் கட்டினால் அந்த ஊர்க்காரர்களுக்கு எப்படி இருக்கும் என்பது எங்களுக்குத் தெரியும். இங்கிலாந்துக்காரர்களுக்கும் ஒரு காலத்தில் தெரிந்திருக்கிறது.

ஆனால் இந்த நோயை நான் விடாமல் பிடித்துக்கொண்டதற்குக் காரணம் அந்தத் தூக்கம். அதைச் சொல்ல எங்கள் அப்பாவிடம் போக வேண்டும்.

கீழே டவுனில் பி.ஏ. படித்துக்கொண்டிருந்தேன். பொங்கல் லீவுக்கு ஊருக்கு வந்திருந்தேன். எங்கள் ஊர் குண்டூர் நாட்டில் இருக்கிறது, மலையில் சில ஊர்கள் சேர்ந்தது ஒரு நாடு. வீட்டை ஒட்டிக் கொஞ்சம் குச்சிக்கிழங்கு என்கிற மரவள்ளி, கொஞ்சம் சாமை, மேட்டில் சில்வர் ஓக் மரங்களில் ஏற்றிவிட்ட மிளகுக்கொடி. அவ்வளவுதான் எங்கள் சொத்து. அப்பா சில நாளாகவே தலைவலிக்கிறது, உடம்பு முறிக்கிறது என்று முனகிக்கொண்டிருந்தார். ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றால் மிளகு பழுத்துக் கொட்டிக்கொண்டிருக்கிறது என்பார். அன்றைக்குக் காலையிலும் காப்பியைக் குடித்துவிட்டு மூங்கில் ஏணியைத் தூக்கிக்கொண்டு போனார். கொஞ்ச நேரத்தில் அம்மா அலறுகிற சத்தம் கேட்டது.

ஓடிப்போய்ப் பார்த்தால், ஏணிக்குக் கீழே மரத்தில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறார். தை மாதப் பனி விலகாத நேரம். எங்களுக்கெல்லாம் பல் கிட்டுகிறது, அவருக்கோ சட்டையைப் பிழிந்து எடுக்கலாம் போல வேர்வை. கண் சொருகிச் சொருகிப் போகிறது. பக்கத்துத் தோட்டத்தில் இருந்த என் மாமா, அம்மாவின் அண்ணன், வேலியைத் தாண்டிக் குதித்து வந்தார். அப்பாவின் வேட்டியை ஒதுக்கிக் காலைத் தடவிப் பார்த்தார். முழங்காலுக்குப் பின்னால் கறுப்பாக, பீடியால் சுட்ட மாதிரி ஒரு காயம் இருந்தது.

"பூச்சி கடிச்சிருக்குது" என்றார் மாமா. எங்கள் பக்கத்தில் பாம்பைப் பாம்பு என்று சொல்ல மாட்டார்கள்.

பூச்சி கடித்தவனுக்கு எங்கள் ஊரில் முதலில் செய்வது, மிளகை வாயில் போட்டு மெல்லச் சொல்வது. காரம் தெரிந்தால் விஷம் ஏறவில்லை என்று அர்த்தம். தெரியவில்லை என்றால் ஏறிவிட்டது. மாமா மடியில் இருந்து தன் தோட்டத்து மிளகை எடுத்து அப்பா வாயில் போட்டார். அப்பா மெதுவாக மென்றார். நாங்கள் எல்லாரும் அவர் வாயையே பார்த்துக்கொண்டு நின்றோம்.

"மாப்ள, காரம் தெரியுதா?"

அப்பா கண்ணைத் திறக்காமலே சொன்னார். "இதுல ஏது காரம்?"

அம்மா நெஞ்சில் அடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். இன்றைக்கு நினைத்தால் சிரிப்பு வருகிறது. விவரம் தெரிந்த நாளில் இருந்து மிளகைப் பொரிகடலை மாதிரி மென்றுகொண்டிருக்கிற மனுஷன். அதுவும் மச்சான் தோட்டத்து மிளகு. அதில் காரம் இருக்கிறது என்று உடம்பு நன்றாக இருக்கும்போதே அவர் ஒத்துக்கொண்டது கிடையாது. ஆனால் அந்த நேரத்தில் அது யாருக்குத் தோன்றும்? விஷம் தலைக்கேறிவிட்டது என்று முடிவாகிவிட்டது.

விஷம் ஏறினவன் தூங்கக் கூடாது. தூங்கினால் போச்சு. ஊரே தோட்டத்தில் கூடிவிட்டது. ஒருவர் முகத்தில் தண்ணீரை வீசினார். ஒருவர் காதை முறுக்கினார். எங்களுக்கும் பக்கத்து வீட்டு அத்தைக்கும் வரப்புத் தகராறு, பேச்சு வார்த்தை நின்று வருஷக்கணக்காகிறது. அந்த அத்தை கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார். அப்பாவின் தோளைப் பிடித்து உலுக்கினார்.

"ஏய்யா, எங்க வரப்ப வெட்டிச் சாச்சியே, அதுக்குப் பதில் சொல்லாம எங்க போலாம்னு பாக்குற? எந்திரி! வாயத் தொற!"

அப்பாவுக்குச் சுருக்கென்று கண் திறந்தது. "எவ வரப்ப எவன் வெட்டுனான்?" என்று குழறினார். அத்தை விடவில்லை. பிக்கப் வண்டி வருகிற வரைக்கும் அந்தச் சண்டையைப் போட்டார். திட்டிக்கொண்டே முந்தானையால் அப்பாவின் நெற்றி வேர்வையைத் துடைத்துக்கொண்டும் இருந்தார்.

மிளகு மூட்டை ஏற்றுகிற வண்டியில் அப்பாவைப் படுக்கவிடாமல் உட்காரவைத்துக் கொண்டுபோனோம். கீழே இறங்குகிற வரைக்கும் கொண்டை ஊசி வளைவுகள்தான். ஒவ்வொரு வளைவுக்கும் நம்பர் பலகை இருக்கும். அதைப் பார்த்துச் சத்தமாகச் சொல்ல வேண்டும் என்று மாமா அப்பாவிடம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். அப்பா சொல்லிக்கொண்டே வந்தார். நாக்கு தடுமாறினால் மாமா கன்னத்தில் ஒன்று வைத்தார். நம்பர் தப்பினால் இன்னொன்று. அடித்துவிட்டு ஒவ்வொரு தடவையும் மாமா அழுதார். ஆம்பளை ஒருவர் அப்படி வாய்விட்டு அழுது நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை.

டவுன் ஆஸ்பத்திரியில் டாக்டர் அந்தக் கறுப்புக் காயத்தைப் பார்த்த உடனே சொல்லிவிட்டார். பாம்பு கடிக்கவில்லை. இது உண்ணிக் காய்ச்சல். புதர்களில் இருக்கிற கண்ணுக்குத் தெரியாத உண்ணி கடித்து வருகிற காய்ச்சல், மாத்திரைக்கு அடங்கிவிடும். அடங்கியது. அப்பா பிழைத்தார். ஆனால் டாக்டர் முதலில் பார்த்தது அப்பாவின் வீங்கின கன்னத்தை.

"காய்ச்சல்ல கிடக்கிறவனைப் போட்டு இப்படியா அடிப்பீங்க? எந்தக் காலத்துல இருக்கீங்க? காட்டுமிராண்டிங்க மாதிரி" என்று வார்டே கேட்கிற மாதிரி கத்தினார்.

"தப்புதாங்க சாமி" என்று மாமா கையைக் கட்டிக்கொண்டு நின்றார். அவருடைய வலது உள்ளங்கை சிவந்து கிடந்தது. டாக்டர் சொன்ன மருத்துவம் சரி. அதை நான் ஒருபோதும் மறுக்க மாட்டேன். ஆனால் அந்த ஒரு சொல்லை மாமா தலைகுனிந்து வாங்கிக்கொண்டது எனக்குள்ளே அப்படியே தங்கிவிட்டது. அடுத்த வருஷமே மாமா பலா மரத்தில் கிளை கழிக்க ஏறி, கீழே விழுந்து இறந்துபோனார்.

எம்.ஏ. படிக்கும்போது கல்லூரி நூலகத்தில் தூசி படிந்த ஒரு மருத்துவ வரலாற்றுப் புத்தகம் கிடைத்தது. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படித்தேன். அதில்தான் இந்த வேர்வை நோயைப் பார்த்தேன். நோயாளியைத் தூங்கவிடக் கூடாது என்று அந்தக் காலத்து டாக்டர்கள் சொன்னார்களாம். பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருக்க வேண்டும், உலுக்க வேண்டும், மூக்கில் வினிகரைக் காட்ட வேண்டும். எனக்கு மாமாவின் சிவந்த உள்ளங்கை நினைவுக்கு வந்தது. உடனே சிரிப்பும் வந்துவிட்டது. நூலகர் நிமிர்ந்து பார்த்தார். வினிகர் இல்லாததால் மாமா கையைப் பயன்படுத்தினார், வேறென்ன வித்தியாசம்?

வித்தியாசம் இருக்கத்தான் செய்தது. அந்தப் புத்தகத்தில் அதற்குப் பெயர் 'சிகிச்சை முறை'. ஒரு தடவை நோய் கடல் தாண்டிப் பரவிய ஜெர்மன் ஊர்களில் இன்னும் ஒரு படி மேலே போயிருக்கிறார்கள். வேர்வை நின்றுவிடக் கூடாது என்று நோயாளியை இறகு மெத்தைக்குள் வைத்துத் தைத்தே விட்டிருக்கிறார்கள். மூச்சு முட்டிச் செத்தவர்கள் உண்டு. அதையும் அந்தப் புத்தகம் மிகவும் மரியாதையாக, அன்றைய அறிவின் எல்லை என்று சொல்லிக் கடந்து போகிறது. காட்டுமிராண்டி என்ற சொல் எங்காவது வருகிறதா என்று நான் பக்கம் பக்கமாகத் தேடினேன். வரவில்லை.

அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன். அது என்ன நோய் என்று கண்டுபிடிக்கிற ஆசை எனக்கு இல்லை, அது மருத்துவர்கள் பாடு. எனக்குத் தெரிய வேண்டியது வேறு. ஒருவனைத் தூங்கவிடாமல் வைத்திருக்க வேண்டுமானால் இன்னொருவர் பக்கத்தில் விழித்திருக்க வேண்டும். பக்கத்தில் இருப்பவரையும் அடித்துச் சாய்க்கிற நோய் என்று ஊருக்கே தெரியும். ராஜா ஓடிவிட்டான். ஓடாமல் உட்கார்ந்து, பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது யார்? பெண்டாட்டியா, வேலைக்காரியா, சண்டை போட்டுக்கொண்டிருந்த பக்கத்து வீட்டுக்காரியா? உயில்களிலும் தேவாலயப் பதிவுகளிலும் அவர்களைத் தேட வேண்டும் என்பதுதான் என் ஆராய்ச்சி.

என் நெறியாளர், நாங்கள் கைடு என்று சொல்வோம், கெட்ட மனுஷர் இல்லை. இதை நான் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். பெண் பிள்ளைகளை மரியாதையாக நடத்துவார், வீட்டு வேலை வாங்க மாட்டார். ஆனால் என்னைப் பார்க்கிற போதெல்லாம், "உங்க மலையிலேயே ஆயிரம் டாபிக் கிடக்கேம்மா" என்பார். மூலிகை இருக்கிறது, கல்யாணச் சடங்கு இருக்கிறது, பேய் பிசாசு இருக்கிறது. மலையில் பிறந்தவள் மலையைத்தான் ஆராய வேண்டும் என்பது அவருக்குச் சூரியன் கிழக்கே உதிக்கிற மாதிரி. கீழே இருக்கிறவர்கள் இங்கிலாந்தை ஆராயலாம், பிரான்சை ஆராயலாம், எங்களையும் ஆராயலாம். நாங்கள் மட்டும் எங்களையே ஆராய்ந்துகொண்டு, எங்கள் ஊர் எல்லைக்குள்ளேயே இருக்க வேண்டும். நான் பிடிவாதம் பிடித்ததால், 'நோய்களின் சமூக வரலாறு' என்று பொதுவாகப் போட்டுப் பதிவு செய்துவிட்டார். தலைப்பைப் பிறகு முடிவு செய்துகொள்ளலாம் என்றார். நான் மலையில் ஒரு பள்ளிக்கூடத்தில் பாடம் எடுத்துக்கொண்டே படித்தேன்.

தலைப்பை முடிவு செய்ய வேண்டிய நேரம் வந்தபோது, ஒரு சனிக்கிழமை எங்கள் வீட்டைப் பார்க்க வருகிறேன் என்றார். காரில் வந்தார். வளைவு வளைவாகச் சுற்றி, இரண்டு இடத்தில் நிறுத்தி வாந்தி எடுத்துவிட்டுத்தான் மேலே வந்து சேர்ந்தார். அம்மா சுக்குக் காப்பி கொடுத்துத் தெளியவைத்தாள். மதியம் சாமைச் சோறும் கோழிக் குழம்பும். எங்கள் வீட்டு மிளகுக் குழம்பு அவருக்குக் கண்ணில் தண்ணீரை வரவழைத்துவிட்டது. அப்பாவுக்கு அதில் ஒரே பெருமை.

சாப்பாடு முடிந்ததும் அப்பா தன் கதையைச் சொன்னார். அந்தக் கதையைச் சொல்ல அவருக்கு அலுக்கவே அலுக்காது. மிளகை மென்றது, அத்தையின் வரப்புச் சண்டை, வண்டியில் மச்சான் விட்ட அறை எல்லாவற்றையும் நடித்துக் காட்டினார். கைடு விழுந்து விழுந்து சிரித்தார். "ஐயா, இதை ரெக்கார்ட் பண்ணிக்கலாமா?" என்று கேட்டார்.

"பண்ணிக்கங்க சாமி, அதுக்கென்னங்க" என்று அப்பா தலையை வாரிக்கொண்டு வந்து, முதலில் இருந்து மறுபடி சொன்னார்.

போகும்போது கைடு என்னிடம், "அருமையான டேட்டாம்மா" என்றார்.

அடுத்த வாரம் அவரிடம் இருந்து வாட்ஸ்அப்பில் இரண்டு பக்கம் வந்தது. எங்கள் வீட்டில் சிக்னல் கிடைக்காது. பஸ் நிற்கிற மேட்டில் நின்றுதான் பார்த்தேன். மேலே தலைப்பு: 'கொல்லிமலை மக்களின் நோய் சார்ந்த மூடநம்பிக்கைகள்'. கீழே அத்தியாய வாரியாகச் சுருக்கம். இங்கிலாந்து கடைசியில் ஒரு சின்ன அத்தியாயமாக உட்கார்ந்திருந்தது. 'மறுமலர்ச்சிக் கால மருத்துவம்: ஓர் ஒப்பீடு'. நான் கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும் என்று எழுதியிருந்தார். அங்கேயே நின்று போன் போட்டேன்.

"ஐயா, தலைப்பு மாறியிருக்குதுங்க."

"ஆமாம்மா. கமிட்டி இதைத்தான் ஒத்துக்கும். உன் டாபிக்குக்கு இங்க ஆளே கிடையாது. வெளியூர் எக்ஸாமினருக்கு அனுப்பினா அவங்க முதல்ல கேக்கப்போறது, இந்தப் பொண்ணுக்கு லத்தீன் தெரியுமாங்கிறதுதான்."

அது நியாயமான கேள்விதான். அந்தக் காலத்துப் பதிவுகள் பல லத்தீனில் இருக்கின்றன, எனக்கு லத்தீன் தெரியாது. "தெரியாதுங்க. கத்துக்கறேங்க. எங்களப் பத்தி எழுதுன வெள்ளைக்காரங்களுக்குத் தமிழ் தெரிஞ்சுதாங்க?"

"இப்படிப் பேசினா எப்படிம்மா? உன் நல்லதுக்குத்தான் சொல்றேன். இங்கிலாந்தை அப்படியே விட்டுடலையே, ஒரு சாப்டர் வச்சிருக்கேன்."

"அது போதுங்க. ஒண்ணே ஒண்ணு. அந்தச் சாப்டருக்கும் மூடநம்பிக்கைன்னே பேர் வெச்சுக்கலாங்களா?"

லைன் போய்விட்டதோ என்று பார்த்தேன்.

"அது எப்படி? அது மெடிக்கல் ஹிஸ்டரிம்மா. டாக்டர்கள் எழுதினது."

"அவங்களும் தூங்க வுடலீங்க. எங்க மாமாவும் தூங்க வுடலீங்க. ரெண்டு பேரும் தெரியாமத்தாங்க செஞ்சாங்க. ஒண்ணு, ரெண்டு எடத்துலயும் அந்த வார்த்தயப் போடுங்க. இல்லீன்னா ரெண்டு எடத்துலயும் எடுத்துருங்க."

"சென்டிமென்ட் வேற, ரிசர்ச் வேற" என்றார். அவர் குரலில் கோபம்கூட இல்லை, களைப்புதான் இருந்தது. "திங்கட்கிழமை கமிட்டிக்கு அனுப்பணும். கையெழுத்துப் போட்டு அனுப்பு. இல்லேன்னா வேற கைடு பாத்துக்கோ."

வேறு கைடு கிடையாது. இந்தத் தலைப்பை யாரும் எடுக்க மாட்டார்கள், முன்பே கேட்டுப் பார்த்திருந்தேன். பதிவுக் காலமும் முடியப்போகிறது. கையெழுத்துப் போட்டால் பட்டம் வரும். போடாவிட்டால் இத்தனை வருஷப் படிப்பும் அந்த மேட்டிலேயே முடிந்துபோகும். எங்கள் ஊரில் இருந்து அந்தப் பட்டம் வாங்கினவர் யாரும் இல்லை. அப்பா டீக்கடையில் சொல்லியிருந்தார், சந்தையில் சொல்லியிருந்தார், பஸ் கண்டக்டரிடம்கூடச் சொல்லியிருந்தார், "எம் பொண்ணு டாக்டராகப் போவுதுங்க" என்று.

வீட்டுக்கு வந்தேன். அப்பா வாசலில் தார்ப்பாயை விரித்து மிளகைக் காலால் கிளறிவிட்டுக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னேன். முழுதாகக் கேட்டுவிட்டு, இவ்வளவுதானா என்கிற மாதிரி பார்த்தார்.

"ஒரு வார்த்ததான கண்ணு? போட்டுக் குடுத்துரு. நம்மள அவங்க என்ன பேரு சொல்லாம இருந்திருக்காங்க? இதயும் சொல்லிட்டுப் போறாங்க. உனக்குப் பட்டம் வந்தாச் சரி."

எனக்குக் கைடு மேல் வராத கோபமெல்லாம் அப்பா மேல் வந்தது. என்ன பேர் சொன்னாலும் வாங்கிவைத்துக்கொள்வதற்கு நாங்கள் என்ன மண் சட்டியா? "அதுல என்ன எழுதியிருக்குன்னு கேட்டுட்டுச் சொல்லுங்க" என்று கத்தினேன். அம்மாவும் அடுப்படியில் இருந்து வந்து நின்றாள். போனை எடுத்து, அந்தப் பத்தியை நிறுத்தி நிறுத்தி வாசித்தேன். நோயாளியின் உறவினர்கள் மூடநம்பிக்கையின் காரணமாக அவரைக் கொடூரமாகத் தாக்கினர். அண்டை வீட்டுப் பெண் ஒருத்தி, சாகக்கிடந்தவரிடம் நிலத்தகராறு செய்து இழிவாகத் திட்டினாள். நோயாளியின் மனைவியும் மகளும் தடுக்கவில்லை.

அப்பாவின் கால் மிளகின்மேல் அப்படியே நின்றுவிட்டது.

"கொடூரமாவா?" என்றார்.

"அப்படித்தான் போட்டிருக்குதுங்கப்பா."

"நான் சிரிச்சுச் சிரிச்சுத்தான கண்ணு சொன்னேன். அவரும் சிரிச்சாரே." காலில் ஒட்டிய மிளகைத் தட்டிவிட்டார். "மச்சான் அழுதுட்டே அடிச்சத நான் சொன்னனே, அது இல்லியா?"

"இல்லீங்க."

"அவங்கதான கண்ணு என்னயக் காப்பாத்துனாங்க?"

இந்த இடத்தில் நான் பொய் சொல்ல விரும்பவில்லை. "உங்களக் காப்பாத்துனது மாத்திரதான்ப்பா. தூங்கியிருந்தாலும் பொழச்சிருப்பீங்க."

அப்பா என்னை நிமிர்ந்து பார்த்தார். அவர் முகத்தில் அப்படி ஒரு கோபத்தை நான் கண்டதில்லை.

"மாத்திர கீழ இருந்துது. நான் மேல கெடந்தேன். கீழ போயிச் சேர்ற வரைக்கும் எங்கூட யாரு இருந்தா?"

நான் பல வருஷமாக ஆங்கிலத்தில் எழுதத் தடுமாறிக்கொண்டிருந்த ஆராய்ச்சிக் கேள்வி அதுதான். அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். அவளுக்கு அண்ணன் நினைவு வந்துவிட்டது.

"கையெழுத்துப் போடாத கண்ணு" என்றார் அப்பா. உடனே, சின்னப் பிள்ளை கேட்கிற மாதிரி, "அப்ப டாக்டர் பட்டம் வரவே வராதா?" என்று கேட்டார்.

"வராதுங்க."

"எல்லாத்துகிட்டயும் சொல்லிப்போட்டனே" என்று முனகிக்கொண்டே மறுபடி மிளகைக் கிளற ஆரம்பித்தார். அன்று முழுக்க யாரோடும் சரியாகப் பேசவில்லை. அவருக்கு வலித்தது. எனக்கும் வலித்தது. வலிக்கவில்லை என்று வீரம் பேச எனக்கு விருப்பமில்லை.

திங்கட்கிழமை காலையில் அந்த மேட்டுக்குப் போய், கையெழுத்துப் போட முடியாது என்று மரியாதையாக நாலு வரி எழுதி அனுப்பினேன். கைடு உடனே கூப்பிட்டார். "பைத்தியக்காரத்தனம் பண்றேம்மா. லைஃபைக் கெடுத்துக்கிறே." இருக்கலாம் என்றேன். என் பதிவு காலாவதியாகிவிட்டது. நான் இன்னும் அதே பள்ளிக்கூடத்தில்தான் பாடம் எடுக்கிறேன்.

ஆனால் ஆராய்ச்சியை நான் நிறுத்தவில்லை. அதற்கு யாருடைய கையெழுத்தும் தேவையில்லை என்பது தெரிய எனக்குக் கொஞ்ச காலம் ஆயிற்று. பழைய உயில்களையும் பதிவுகளையும் இன்றைக்குக் கம்ப்யூட்டரிலேயே படிக்க முடிகிறது. ஞாயிற்றுக்கிழமைகளில் லத்தீன் படிக்கிறேன், கஷ்டமாகத்தான் இருக்கிறது. ஓடாமல் உட்கார்ந்தவர்களில் சிலர் எனக்குக் கிடைத்துக்கொண்டும் இருக்கிறார்கள். தமிழில் புத்தகமாக எழுதுகிறேன். அதில் எங்கள் மாமாவும் பக்கத்து வீட்டு அத்தையும் இங்கிலாந்துக்காரர்களோடு ஒரே அத்தியாயத்தில் வருகிறார்கள், ஒரே சொல்லால் அழைக்கப்படுகிறார்கள். கூட இருந்தவர்கள்.

போன மாதம் அப்பாவோடு சந்தைக்குப் போனேன். பஸ் கூட்டமாக இருந்தது. கண்டக்டர் டிக்கெட்டைக் கிழித்துக்கொடுத்துக்கொண்டே, "ஏனுங்க, உங்க பொண்ணு டாக்டராயிடுச்சுங்களா?" என்று கேட்டார். எனக்கு ஜன்னல் வழியாகக் குதித்துவிடலாம் போல இருந்தது. அப்பா கம்பியைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து நின்றார். முன்னால் பெருமையடித்தபோது எந்தக் குரலில் சொன்னாரோ, பஸ் முழுக்கக் கேட்கிற அதே குரலில் சொன்னார்:

"ஆகலீங்க. குடுக்கறேன்னாங்க. எம் பொண்ணு வேண்டாம்னுட்டா."